சீம்பால் தின்னாதவர்

பினாங்கில் மனுஷனுக்கு ஒரு இடம், மாட்டுக்கு ஒரு இடம். நான் பிறந்து வளர்ந்தது அப்படி. அதனால் மதுரையில் அருப்புக்கோட்டை பஸ்ஸில் ஏறி உட்கார்ந்த கையோடு என் மடியில் ஒரு வெள்ளாட்டுக்குட்டி வந்து விழுந்தபோது, "யோவ், யாருதுய்யா இது?" என்று கத்திக்கொண்டே எழுந்துவிட்டேன். பஸ் முழுக்கச் சிரித்தது.

"உக்காருங்க சார், குட்டிதானே. ஒண்ணும் பண்ணாது" என்றார் கண்டக்டர்.

காரியாபட்டி வருவதற்குள் அது பண்ணிவிட்டது. கப்பலில் கசங்காமல் பாதுகாத்துக் கொண்டுவந்த வெள்ளை வேட்டி. குட்டிக்குச் சொந்தக்காரி பின்சீட்டிலிருந்து, "பச்சப்புள்ள மூத்திரம் மாதிரிதான் சார், காஞ்சிரும்" என்று ஆறுதல் சொன்னாள். எனக்கு வந்த கோபத்துக்கு இறங்கியே போயிருப்பேன். இறங்கினால் அடுத்த பஸ் எப்போது என்று யாருக்கும் தெரியவில்லை.

அறுபதுகளின் கடைசி. அம்மா பினாங்கில் கண்ணை மூடி ஆறு மாதம் ஆகியிருந்தது. அவள் காதில் கிடந்த பாம்படத்தை அக்கா கையில் கொடுத்துவிட்டு வரவேண்டும், அதுதான் வேலை. அக்கா பேச்சியம்மாளை அப்பா சின்ன வயசிலேயே சொந்தத்தில் கட்டிக்கொடுத்து ஊருக்கு அனுப்பிவிட்டார். பரளச்சிக்கும் அந்தப் பக்கம் ஒரு ஊர், மழையை நம்பி விதைக்கிற பூமி. மச்சான் சீனிச்சாமியை நான் அதுவரை போட்டோவில்தான் பார்த்திருந்தேன்.

அருப்புக்கோட்டையில் பஸ் மாறுவதற்கு மூன்று மணி நேரம். ஒரு புரோட்டாக் கடையில் உட்கார்ந்தேன். சால்னா காரம் தலைக்கேறியது. நான் எழுந்ததும் ஒரு பசு வாசற்படியில் முன்காலை வைத்து, தலையை மட்டும் உள்ளே நீட்டி, என் எச்சில் இலையை எடுத்துக்கொண்டு போனது. "இருந்து தின்னுட்டுப் போ, யாரு வெரட்டுறா ஒன்னைய" என்றார் கடைக்காரர் அதனிடம். என்னிடம் அவர் அவ்வளவு பிரியமாகப் பேசவில்லை.

பரளச்சி பஸ் பாதி வழியில் நின்றது. ரோட்டில் ஒரு செம்மறிக் கிடை படுத்திருந்தது. டிரைவர் ஹாரன் அடிக்கவே இல்லை, பீடி பற்றவைத்துக்கொண்டார். "வெயில்ல நடந்து வந்ததுக, செத்த ஆறட்டும்." பினாங்கில் இப்படி ஒரு டிரைவர் செய்தால் மறுநாள் வேலை இருக்காது. இங்கே பஸ்ஸில் இருந்த ஒருத்தரும் முனகவில்லை.

ஊர் போய்ச் சேரும்போது பொழுது இறங்கிவிட்டது. பாம்படத்தைக் கையில் கொடுத்ததும் அக்கா என்னைக் கட்டிக்கொண்டு அழுதாள், அம்மாவுக்காகக் கொஞ்சம், எனக்காகக் கொஞ்சம். மச்சான் என் பெட்டியை வாங்கிக்கொண்டார். ஒல்லியான மனுஷன், பேச்சு மெதுவாக வரும். "வாங்க மாப்ள. வழியில ஒண்ணும் செரமம் இல்லையே?" என்றார். என் வேட்டியைப் பார்த்துவிட்டு, "ஆடா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன்.

அந்த வீட்டைச் சொல்லவேண்டும். வாசல் ஒன்றுதான். உள்ளே நுழைந்தால் இடதுகைப் பக்கம் மாடு, வலதுகைப் பக்கம் மனுஷர். நடுவே முட்டளவு மண்சுவர். களவாணிகளுக்குப் பயந்து அந்தத் தெருவில் பன்னிரண்டு வீட்டிலும் மாட்டை உள்ளேதான் கட்டுவார்கள். நான் படுத்த பாய்க்கு மூன்றடியில் ஒரு நிறைசினைச் செவலைப்பசு அசைபோட்டுக்கொண்டிருந்தது. கோழிகள் என் தலைமாட்டில் ஏறி அடைந்தன. "அக்கா, இதுக நடுவுல எப்படித் தூங்குறது?" என்றேன். "அதுக ஒன்னையக் கேக்குதா?" என்றாள் அக்கா.

மறுநாள் விடியும்போது செவலை கன்று போட்டது. கிடேரி. தெருவே வந்து எட்டிப் பார்த்தது, பிள்ளைப்பேறு மாதிரி. அன்றைக்குப் புரட்டாசிச் சனிக்கிழமை. பின்னேரம் அக்கா சீம்பாலைக் கறந்து, கருப்பட்டி தட்டிப் போட்டு, ஏலம் நுணுக்கி, இட்லிக் கொப்பரையில் அவித்தாள். முதல் சீம்பால் வீட்டோடு நிற்கக்கூடாதாம். பன்னிரண்டு வீட்டுக்கும் கிண்ணம் போனது. கைக்குழந்தை வாயில்கூட ஒரு துணுக்கு வைத்தார்கள். நான் மூன்று துண்டு தின்றேன். அடடா, என்ன ருசி! வெட்கமில்லாமல் நாலாவதையும் வாங்கினேன்.

மச்சான் மட்டும் தின்னவில்லை. புரட்டாசிச் சனிக்கு அவர் ஒருபொழுது. மத்தியானம் ஒருவேளை சாப்பிட்டால் அதோடு சரி. "நீங்க தின்னுங்க மாப்ள, நான் பார்த்துக்கிட்டு இருக்கேன்" என்றார்.

அதற்கப்புறம் மூன்று நாள் நான் அந்த ஊரைக் கற்றுக்கொண்டேன். காலையில் கம்பங்கூழ், மோர்மிளகாய். கண்மாய் வறண்டு பாளம் பாளமாய் வெடித்துக் கிடந்தது. மனுஷருக்கு ஊருணியில் ஒரு பள்ளம் தண்ணீர் மிச்சம். மாடுகளுக்கு ஊருக்கு மேற்கே ஆழக் கிணற்றில் கையால் இறைத்துத் தொட்டியில் ஊற்றவேண்டும். எந்த வீட்டு மாடு எந்த நேரம் தொட்டிக்கு வரும், எது எதோடு முட்டும், எருமை எதன் மிச்சத்தைக் குடிக்காது என்று மச்சானுக்கு மனப்பாடம். மாடு குடித்து நிமிர்ந்த பிறகுதான் அவர் மண்டையில் ஒரு வாளி ஊற்றிக்கொள்வார்.

இன்னொரு காரியமும் அவருக்குத்தான். புரட்டாசியில் பனைக்குக் கீழே பழம் கொட்டிக் கிடக்கும். மாடுகள் அவக்கென்று விழுங்கிவிடும், கொட்டை தொண்டையில் சிக்கிக்கொள்ளும். அப்போது மச்சானைக் கூப்பிடுவார்கள். அவர் கை மெலிசு. முழங்கைவரை மாட்டின் வாய்க்குள் விட்டுக் கொட்டையை எடுத்துவிடுவார். "சுத்துப்பட்டுல எத்தன மாடு எங்க அவுக கையால பொழச்சிருக்கு தெரியுமா?" என்று அக்கா பெருமையாகச் சொன்னாள்.

புதன்கிழமை காலையில் செவலை தீவனத்தைத் தொடவில்லை. வாயில் எச்சில் கயிறு மாதிரி ஒழுகியது. கழுத்தை நீட்டி நீட்டி எதையோ விழுங்கப் பார்த்தது, முடியவில்லை. குரல் கம்மிப் போய்விட்டது. தெருவே சொன்னது: "பனங்கொட்டைதான்." நேற்று அது பனைக்கடியில் நின்றதைப் பார்த்ததாக எதிர்வீட்டு முத்துராக்கு சாட்சியும் சொன்னாள். பனங்கொட்டைதான் என்று நானும் சொன்னேன், என்னமோ எனக்குத் தெரிந்த மாதிரி.

நானும் இன்னொருத்தரும் கொம்பைப் பிடித்துக்கொண்டோம். மச்சான் வலதுகையில் விளக்கெண்ணெய் தடவி உள்ளே விட்டார். ரொம்ப நேரம் துழாவினார். "ஒண்ணும் தட்டுப்படலையே" என்றார். மறுபடி விட்டார். செவலை தலையை உதறியதில் கடைவாய்ப்பல் பட்டு அவர் முன்னங்கையில் நீளமாகத் தோல் பெயர்ந்தது. மச்சான் அதை வேட்டியில் துடைத்துக்கொண்டு மூன்றாம் முறையும் கையை விட்டார்.

"இன்னும் உள்ள போயிருச்சு போல. தானா எறங்கிரும்" என்றார்.

இறங்கவில்லை. வியாழக்கிழமை செவலை சுவரை முட்டியது, தன் கன்றையே முட்டியது. அதை வெளியே இழுத்து வேம்பில் கட்டினார்கள். அப்போதுதான் முத்துராக்கு வாயில் கையை வைத்துக்கொண்டு நின்றாள். "ஆத்தாடி, அந்தக் கருப்பன்!" என்றாள்.

கருப்பன் அந்தத் தெரு நாய். யாருடையதும் இல்லை, பன்னிரண்டு வீட்டிலும் சோறு. ஆடியில் ஒருநாள் அது கிறுக்குப் பிடித்துத் திரிந்து, ஆட்டுக்கிடை போடுகிற கீதாரிகள் அடித்துக் கொன்றுவிட்டார்களாம். மனுஷரை யாரையும் கடிக்கவில்லை என்று அதோடு மறந்துவிட்டார்கள். கட்டுத்தறியில் நின்றவற்றை அது கடித்ததா என்று யாரும் பார்க்கவில்லை. மச்சான் குனிந்து செவலையின் பின்காலைப் பார்த்தார். ஆறிப்போன தழும்பு இரண்டு இருந்தது. அந்த மனுஷன் அழுததை அன்றைக்குத்தான் பார்த்தேன். பசுவுக்காக அழுதார்.

அன்று பொழுது சாய்வதற்குள் செவலை செத்துப்போனது. அதற்குள் தெருவுக்கு வேறு பயம் பிடித்துவிட்டது. சீம்பால்! எல்லார் வயிற்றிலும் வெறிநாய் விஷம். பெண்கள் வயிற்றில் அடித்துக்கொண்டார்கள். அக்கா பைத்தியம் மாதிரி ஆகிவிட்டாள். "எங்கையால குடுத்தேனே, ஒவ்வொரு வீடாப் போயிக் குடுத்தேனே!" என்று தரையில் உருண்டாள். எனக்கும் அதே பயம்தான். நாலு துண்டு தின்றவனாயிற்றே! பினாங்கில் இருக்கிற என் பிள்ளைகள் முகம்தான் கண்ணுக்கு முன்னால் வந்தது.

மதுரைக்குப் போனால் தொப்புளைச் சுற்றி ஊசி போடுவார்கள், பதினாலு நாள், ஒருநாள் தவறினாலும் அத்தனையும் வீண் என்று யாரோ சொன்னார்கள். வெள்ளிக்கிழமை விடிகாலையில் பருத்தி லோடு ஏற்றப் போகிற லாரி ஒன்றில் தெருவே ஏறிவிட்டது. மாடும் எருமையுமாக முப்பது உருப்படி, ஆடு தனி. அதுகளுக்கு யார் தண்ணீர் காட்டுவது? மற்றத் தெருக்காரர்கள் எங்கள் தெருப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. எந்த மாட்டை எது கடித்ததோ என்ற பயம்.

"நீங்க போங்கப்பா. நான் பார்த்துக்கிறேன்" என்றார் மச்சான். "நான்தான் சீம்பாலு திங்கலையே."

எல்லாரும் அவரைக் கையெடுத்துக் கும்பிட்டார்கள். சீம்பால் தின்னாதவருக்குப் பயமில்லை. அந்தக் கணக்கில் எங்கள் ஒருத்தர் புத்திக்கும் தப்புத் தெரியவில்லை. கொம்பைப் பிடித்தவன் நான். என் புத்திக்கும் தெரியவில்லை.

மதுரையில் அந்த டாக்டர் நல்ல மனுஷர், இளவயசு. அவ்வளவு கூட்டத்தையும் அழுகையையும் பார்த்துவிட்டு, சட்டைபோட்டு நின்ற என்னைக் கூப்பிட்டு இங்கிலீஷில் கேட்டார். பால் பச்சையா, காய்ச்சியதா? அவித்தது என்றேன். அப்படியானால் பயமே இல்லை, விஷம் வெந்துபோயிருக்கும், இவர்கள் யாருக்கும் ஊசி தேவையில்லை என்றார். பிறகு கேட்டார்: மாட்டின் வாயில் யாராவது கை வைத்தார்களா?

மச்சான் வைத்ததைச் சொன்னேன். முன்னங்கைத் தோல் பெயர்ந்ததையும் சொன்னேன்.

"அவர் ஒருத்தருக்குத்தான் ஊசி. உடனே கூட்டிக்கொண்டு வாருங்கள், ஒருநாள்கூடத் தள்ளாதீர்கள்" என்றார் டாக்டர். "இவர்களுக்கு நீங்களே எடுத்துச் சொல்லி ஊருக்கு அனுப்புங்கள். சொல்லியும் பயந்து நின்றால் போடுகிறேன்."

நான் திரும்பி நின்று என்ன சொன்னேன் தெரியுமா? "எல்லாருக்கும் போடுறாங்களாம்" என்றேன்.

ஏன் அப்படிச் சொன்னேன் என்று எத்தனையோ தடவை யோசித்திருக்கிறேன். பயம்தான், வேறொன்றும் இல்லை. வெந்தால் விஷம் போய்விடும் என்று அந்த டாக்டருக்கு என்ன நிச்சயம்? தப்பாகச் சொல்லியிருந்தால்? எல்லாரும் ஊருக்குப் போய்விட்டால் நான் மட்டும் எந்த முகத்தோடு வயிற்றைக் காட்டி நிற்பது? கூட்டத்தோடு கூட்டமாக எனக்கும் அந்த ஊசி வேண்டும். முதல் ஊசியை அன்றைக்கே வாங்கிக்கொண்டேன். அப்பாடா என்று இருந்தது. அந்த நிம்மதியை நினைத்தால் இப்போதும் எனக்கு என்மேலேயே அருவருப்பாக இருக்கிறது.

மச்சானைக் கூட்டிவருவதற்கு அன்று பின்னேரமே பஸ் ஏறினேன். அக்காவிடம் விஷயத்தைச் சொன்னதும் அவளும் கூட வருகிறேன் என்று எழுந்தாள். "நாளைக்கு ஊசி தப்பிப்போயிருமே" என்று நான்தான் உட்காரவைத்தேன். பஸ் காரியாபட்டியைத் தாண்டி டயர் வெடித்து நின்றது. அதை மாற்றி அருப்புக்கோட்டை போனபோது கடைசி பஸ் போய்விட்டது. ஒரு பருத்திக்கொட்டை வண்டியில் இடம் கேட்டு, அது பாதி, நடை பாதி. ஊருக்குள் நுழையும்போது சனிக்கிழமை விடிந்திருந்தது.

தெருவில் ஆள் வாசனையே இல்லை. பன்னிரண்டு வீட்டு வாசலும் திறந்து கிடந்தன. மனுஷர் படுக்கிற பக்கத்தில் ஆடுகள் நின்றன. அடுப்பங்கரையில் கோழி. மச்சான் கிணற்றடியில் தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தார். ஒரே நாளில் உள்ளங்கை இரண்டும் கொப்புளம் வெடித்துக் கிடந்தது.

விஷயத்தைச் சொன்னேன். நின்று கேட்டார். முன்னங்கையைத் திருப்பிப் பார்த்தார், அது லேசாகக் காய்ந்து பொருக்குத் தட்டியிருந்தது.

"அது கடிக்கலையே மாப்ள. நான்ல கைய விட்டேன்."

"எச்சில் பட்டாலே போதும் மச்சான். கெளம்புங்க, பஸ்ஸைப் பிடிச்சிரலாம்."

"பதினாலு நாளைக்கா? இதுகளுக்கு யாரு தண்ணி காட்டுவா?"

"அவுத்து விட்டுட்டு வாங்க."

"எங்க போயிக் குடிக்கும்? கண்மாயப் பார்த்தீகள்ல."

"நான் இருக்கேன். நீங்க போங்க" என்றேன். உண்மையாகத்தான் சொன்னேன். சொல்லிவிட்டு வாளியை வாங்கினேன். பத்து வாளி இறைப்பதற்குள் தோள்பட்டை கழன்றது. தொட்டிக்கு வந்த எருமை என்னைப் பார்த்துவிட்டு நின்ற இடத்திலேயே நின்றது. ஒரு காளை முட்ட வந்தது, கயிற்றை விட்டுவிட்டு ஓடினேன், வாளி கிணற்றுக்குள் போய்விட்டது. மச்சான் சிரித்தார். பாதாளக்கரண்டி விட்டு வாளியை எடுத்துக்கொண்டு, "ரெண்டு நாள்ல பழகிக்கிருவீக, அதுகளும் பழகிரும்" என்றார். போகிற எண்ணம் அவருக்கு வந்துவிட்டது. கையைக் கழுவினார், துண்டை உதறித் தோளில் போட்டார்.

அப்போது பஸ் ஹாரன் கேட்டது. அதில் போனால்தான் மத்தியானத்துக்குள் மதுரை. என்னுடைய இரண்டாவது ஊசி.

நான் வாளியைப் பார்த்தேன். முப்பது மாட்டைப் பார்த்தேன். "மச்சான், எனக்கும் ஊசி இருக்கே" என்றேன்.

அவர் முகத்தில் கோபம் ஒன்றும் இல்லை. "அட, ஆமால்ல. நீங்களும் தின்னீகள்ல" என்றார். தோளிலிருந்த துண்டை எடுத்து மறுபடி தலையில் கட்டிக்கொண்டார். "அவுகளுக்கெல்லாம் ஊசி போட்டாத்தான பொழைப்பாக? போட்டுட்டு வரட்டும். அவுக வந்ததும் நான் போறேன்."

"ஆமா மச்சான்" என்றேன்.

மதுரைக்கு வந்து, யாராவது ஒருத்தர் ஊருக்குப் போய் மச்சானை விடுவிக்கவேண்டும் என்று எல்லாரிடமும் சொன்னேன். யார் போவார்கள்? முத்துராக்கு அழுதாள், மற்றவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள். அக்கா இரண்டு தடவை பஸ் ஸ்டாண்டு வரை ஓடினாள். அதே தெருவில் இருந்த அவள் மாமியாரும் நாத்தனாரும் ஊசி போட்ட வயிற்றைக் காட்டி அவளை இழுத்து வந்தார்கள். டாக்டர் ஒவ்வொரு நாளும், "உங்கள் மச்சான்?" என்று என்னைக் கேட்டார். வருகிறார், வருகிறார் என்றேன். வாயைத் திறந்து ஒரே ஒரு வாக்கியம் தமிழில் சொல்லியிருந்தால் அன்றைக்கே தெரு பூராவும் ஊருக்குத் திரும்பியிருக்கும். ஒவ்வொரு நாளும் நாளைக்குச் சொல்லலாம் என்று நினைத்தேன். நாள் ஆக ஆக, இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்று கேட்பார்களே என்ற பயம் அதற்குமேல் சேர்ந்துகொண்டது.

பதினாலாம் ஊசி போட்ட அன்று வானம் பிய்த்துக்கொண்டு ஊற்றியது. தெரு ஊருக்கு லாரி ஏறியது, நான் கப்பலுக்கு. "போன ஒடனே மச்சானை அனுப்பு" என்று அக்காவிடம் சொல்லிச் சொல்லி அனுப்பினேன். வழியெல்லாம் அவர் மதுரையில் இருப்பார் என்றே நினைத்துக்கொண்டு போனேன்.

அக்காவுக்கு எழுதத் தெரியாது. பள்ளிக்கூட வாத்தியார் எழுதிய கடுதாசி தை பிறந்து வந்தது.

நாங்க ஊருக்கு வந்தப்ப, ஈரம் காயறதுக்குள்ள விதைக்கணும்னு நின்னாக, தம்பி. விதைச்சிட்டுப் போறேன்னாக. விதைச்சப்புறம் களை. புண்ணு ஆறிப்போச்சு, இனி என்னத்துக்குன்னாக. கார்த்திகையில கை குறுகுறுங்குதுன்னு சொறிஞ்சாக. மூணாம் நாள் காலையில கூழைக் கரைச்சு நீட்டுனேன், வாய்கிட்டக் கொண்டுபோக முடியல, கழுத்தை நீட்டி நீட்டி முழுங்கப் பார்த்தாக. எனக்குச் செவலை ஞாபகம் வந்துருச்சு. மதுரைக்குத் தூக்கிக்கிட்டு ஓடினோம். இனி ஒண்ணும் பண்றதுக்கில்லைன்னு அந்த டாக்டரு சொல்லிட்டாரு. வீட்டுக்கு வந்ததும், மாடு கன்னுகளையெல்லாம் வெளியே கட்டிட்டு, மாட்டுப் பக்கம் என்னையப் போட்டுக் கட்டிரு, யாரும் கிட்ட வராதீகன்னு அவுகளே சொன்னாக. ரெண்டு நாள் கெடந்தாக. நான் மண்சுவருக்கு இந்தப் பக்கம் உக்காந்திருந்தேன்.

கடைசியில் இரண்டு வரி. வாத்தியார் அதை எழுதத் தயங்கியிருக்கவேண்டும், மை திட்டாகப் படிந்திருந்தது.

அந்த டாக்டரு என்கிட்ட, ஒங்க யாருக்கும் ஊசி வேண்டாம்னு ஒன் தம்பிக்கிட்ட மொத நாளே சொன்னேனேம்மா, அவரு சொல்லலையான்னு கேட்டாரு. அப்படிச் சொன்னாரா தம்பி?

அந்தக் கடுதாசிக்கு நான் இன்றுவரை பதில் போடவில்லை.